குழிகளுக்கு வருகைப் பதிவேடு வைத்த கவுன்சிலர்

எங்கள் வார்டில் ஒரு குழிகூட அவருக்குத் தெரியாமல் ஒரு நாள் லீவு எடுத்தது கிடையாது. இந்த ஒரு விஷயத்தில் அவரை மிஞ்ச இந்த மாநிலத்தில் இன்னொரு கவுன்சிலர் இல்லை. இருந்தால் அவருக்கும் இந்நேரம் நோட்டீஸ் போயிருக்கும்.

அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் ஒன்று உண்டு. தேர்தலன்று அதை வாக்குப்பதிவு இயந்திரத்தில் பார்த்தேன். அடுத்த முறை அதைப் பார்த்தது நோட்டீஸில்தான். திருவொற்றியூரில் எங்கள் பக்கத்துத் தெருக்களுக்கெல்லாம் அவர் 'அட்டென்டன்ஸ்'. கொஞ்சம் மரியாதை தெரிந்தவர்கள் 'அட்டென்டன்ஸ் அண்ணாத்தே' என்பார்கள். அவர் மனைவியே வாசலில் நின்று, "அட்டென்டன்ஸ் வூட்ல இல்லம்மா, குழி பாக்கப் போயிருக்குது" என்றுதான் சொல்வார்.

துறைமுகத்தில் டாலி கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். கப்பலிலிருந்து இறங்கும் மூட்டையையும் பெட்டியையும் பக்கத்தில் நின்று பார்த்துப் பார்த்துக் குறிக்கிற வேலை. வெயிலிலும் மழையிலும் அதைச் செய்து செய்து அவருக்குள் ஒரே ஒரு சட்டம் ஊறிப்போயிருந்தது. கண்ணால் பார்க்காததைக் குறிக்கக் கூடாது. பக்கத்தில் நிற்பவன் பார்த்தேன் என்று சத்தியம் செய்தாலும் கூடாது. ஓய்வுக்குப் பிறகு சுயேச்சையாக நின்றார். ஜெயித்தும் விட்டார். எப்படி ஜெயித்தார் என்று யாருக்கும் தெரியவில்லை. அவருக்கே தெரியாததால் முதல் ஒரு வாரம் யாரோ வந்து திருப்பி வாங்கிக்கொள்வார்கள் என்று காத்திருந்தாராம்.

யாரும் வரவில்லை என்றதும் கடைக்குப் போய், பள்ளிக்கூடத்தில் வாத்தியார்கள் வைத்திருப்பார்களே, அந்த நீளமான வருகைப் பதிவேட்டை ஒன்று வாங்கினார். இடது பக்கம் மாணவர் பெயர் எழுதுகிற இடத்தில் வார்டிலிருந்த குழிகளின் பெயர்களை வரிசையாக எழுதினார். தினமும் காலை ஏழு மணிக்குக் கிளம்புவார். ஆறடி உயரம், அதற்கேற்ற தொப்பை, முழங்கால் வரை மடித்துக் கட்டிய லுங்கி, காதில் பேனா. ஒவ்வொரு குழிக்கும் முன்னால் நின்று பெயரைச் சத்தமாகக் கூப்பிடுவார்.

"ரேஷன் கட குழி?"

பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் பின்னாலேயே ஓடும். குழி சார்பில் அவைதான் பதில் சொல்லும். "உள்ளேன் ஐயா."

"மாரியம்மன் கோயில் முட்டுச்சந்து குழி?"

"உள்ளேன் ஐயா."

டிக் அடித்துவிட்டு அடுத்த குழிக்கு நடப்பார். அதிசயமாக எந்தக் குழியாவது மூடப்பட்டால் அதன் பெயருக்கு நேரே சிவப்பு மையில் 'டி.சி. கொடுக்கப்பட்டது' என்று எழுதுவார். மழைக்காலம் வந்தால் புது அட்மிஷன்கள் குவியும். "இந்த வருசம் சீட்டே இல்லம்மா, எக்ஸ்ட்ரா செக்‌ஷன் ஆரம்பிக்கணும்" என்று என்னிடம் ஒருநாள் சொன்னார். சிரித்தேன். அப்போது சிரிக்க முடிந்தது.

கொஞ்ச நாளில் குழிகளுக்குப் பெயர் வைக்கும் முறையை மாற்றினார். எந்தக் குழிக்கு எந்த அதிகாரி பொறுப்போ அவருடைய பதவியே அந்தக் குழிக்குப் பெயர். எங்கள் தெருமுனையில் மழைநீர் வடிகாலுக்காகத் தோண்டிப் போட்டு அப்படியே விட்டுப்போன பெரிய குழிக்கு 'ஏ.ஈ. சார்' என்று பெயர் வந்தது. ஏ.ஈ. என்றால் உதவிப் பொறியாளர். மண்டல அலுவலகத்தின் ஆவணங்களில் அந்தக் குழியின் எண் பதினேழு. ஒருநாள் காலை வருகைப் பதிவு நடக்கும்போது உண்மையான ஏ.ஈ.யே ஜீப்பில் வந்து இறங்கினார். இவருக்கு அது தெரியாது. பதிவேட்டில் குனிந்தபடி, "ஏ.ஈ. சார்?" என்றார்.

"என்ன?" என்றார் ஏ.ஈ.

"உள்ளேன் ஐயா" என்றன இருபது பிள்ளைகள்.

இவர் நிமிர்ந்து பார்த்தார். ஏ.ஈ.யையும் பார்த்தார், குழியையும் பார்த்தார். "ரெண்டு பேரும் வந்துகீறீங்களா" என்று சொல்லி டிக் அடித்தார்.

பின்னால் வந்த நோட்டீஸில் இதுதான் முதல் குற்றச்சாட்டு.

பதினேழாம் குழியை மூடச் சொல்லி அவர் கொடுத்த மனுக்களை அடுக்கினால் அவற்றைப் போட்டே அதை மூடியிருக்கலாம். பதில் வராததால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டார். அதற்குப் பதில் வந்தது. மேற்படி குழி தை மாதமே கான்கிரீட் பலகை போட்டு மூடப்பட்டுவிட்டது, ஆதாரமாகப் புகைப்படம் இணைக்கப்பட்டுள்ளது என்று எழுதியிருந்தார்கள். புகைப்படத்தில் நல்ல கான்கிரீட் பலகை. அதன்மேல் ஒரு வெள்ளாடு படுத்திருந்தது.

"நம்ம தெருவுல எவன்மா ஆடு வளக்கறான்?" என்று என்னிடம் கேட்டார். யாரும் வளர்க்கவில்லை. மனிதர் அந்த நகலைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ஆட்டைத் தேடிப் போனார். மூன்றாம் நாள் இரண்டு வார்டு தள்ளி ஒரு சந்தில் அதே பலகையையும் அதே ஆட்டையும் கண்டுபிடித்தார். ஆட்டின் பக்கத்தில் உட்கார்ந்து படம் எடுத்துக்கொண்டார். அந்தப் படத்தில் இரண்டு பேருமே நேராகக் கேமராவைப் பார்க்கிறார்கள்.

எங்கள் தெருவுக்கு இதெல்லாம் பொழுதுபோக்கு. எனக்கும்தான். நான் ராயபுரத்தில் ஒரு கிளியரிங் ஏஜென்ட் அலுவலகத்தில் ஆவணங்கள் பார்க்கிறவள். கன்டெய்னர் எண் ஒரு தாளிலும் இன்னொரு தாளிலும் ஒன்றாக இருக்கிறதா என்று பார்ப்பதுதான் நாள் முழுவதும் என் வேலை. தை மாதமே மூடிய குழி ஆடி மாதத்தில் எங்கள் தெருமுனையில் திறந்து கிடக்கிறது என்பது எனக்குத் தெரியும். தெரிந்தும் அதைச் சுற்றிக்கொண்டு பஸ்ஸுக்குப் போனேன். யார்மீதெல்லாம் எனக்குக் கோபம் என்று பட்டியல் போட்டால் அதில் என் பெயரும் உண்டு.

ஆடியில் ஒரு ராத்திரி முழுக்க மழை. காலையில் தண்ணீர் ரோட்டுக்குச் சமமாக நின்றது. குழி எது, ரோடு எது என்று தெரியவில்லை. கன்டெய்னர் லாரி ஒன்று திரும்ப, என் மகள் அதற்கு வழிவிட்டு ஓரமாக ஒதுங்கினாள். ஏழாவது படிக்கிறாள். எட்டு இருபது மணி. நான் வாசல் கேட்டைப் பூட்டிக்கொண்டிருந்தேன். திரும்பிப் பார்த்தபோது தண்ணீரில் அவளுடைய சாப்பாட்டுப் பை மட்டும் மிதந்தது.

நான் கத்தினேனா என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை. தெருவின் அந்தக் கோடியில் வருகைப் பதிவு நடந்துகொண்டிருந்தது. அந்தப் பெரிய உடம்பு அவ்வளவு வேகமாக ஓடி நான் பார்த்ததே இல்லை. பதிவேட்டை டீக்கடை மேடை மேல் வீசிவிட்டு அப்படியே குழிக்குள் குதித்தார். அவருக்கே நெஞ்சளவு தண்ணீர். இரண்டு முறை முங்கி எழுந்தார். மூன்றாம் முறை என் மகளின் புத்தகப் பையின் வாரைப் பிடித்துத் தூக்கினார். காசிமேட்டிலிருந்து மீன் ஏற்றி வந்த ஆட்டோவை மறித்து, ஐஸ் பெட்டிகளுக்கு நடுவே அவளைக் கிடத்தி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். வழியெல்லாம் அவள் முதுகைத் தட்டிக்கொண்டே, "தண்ணிய துப்பு கண்ணு, துப்பிடு, அவ்ளோதான், கலீஜ் தண்ணி, துப்பிடு" என்று சொல்லிக்கொண்டே வந்தார். அவள் துப்பினாள். அவர் சட்டை முழுக்கத் துப்பினாள்.

இரண்டு நாள் ஆஸ்பத்திரியில் இருந்தோம். முதல் நாள் மாலை ஏ.ஈ. வந்தார். கட்டிலருகே நின்று மகளைப் பார்த்தார். பிறகு என்னிடம் கேட்டார்:

"பாப்பாவுக்கு ஸ்விம்மிங் கிளாஸ் ஏதாவது போட்டிருக்கீங்களா?"

பள்ளிக்கூடம் போகிற வழியில் நீந்தத் தெரிந்திருக்க வேண்டும் என்று எந்தப் பாடத்திட்டத்தில் இருக்கிறது? கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை.

அவர் போன பிறகு, அந்த வடிகாலைத் தோண்டிய ஒப்பந்தக்காரரின் ஆள் ஒரு பை ஆப்பிளோடு வந்தான். பிள்ளை வீட்டுப் படியில் வழுக்கி விழுந்ததாக ஒரு கடிதம் கொடுத்தால் நல்லது என்றான். எல்லோருக்கும் நல்லது என்று அழுத்திச் சொன்னான். என் கணவரைத் திரும்பிப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போனான். அந்தச் சிரிப்புக்கு அர்த்தம் இருந்தது. ஒப்பந்தக்காரரின் மச்சானுடைய கன்டெய்னர் யார்டில்தான் என் கணவர் கிரேன் ஓட்டுகிறார். கடிதம் கொடுக்கவில்லை. எதிர்த்து ஒரு வார்த்தை பேசவும் இல்லை.

மறுநாள் காலை பதினேழாம் குழியை மூட ஆட்கள் வந்தார்கள். எப்படி என்றால், ஒரு பிளைவுட் பலகை, அதன்மேல் இரண்டு கூடை இடிபாட்டு மண். நான் ஆஸ்பத்திரியில் இருந்தேன். நடந்ததைத் தெருவே பத்து முறை நடித்துக் காட்டிவிட்டது, அதனால் பார்த்த மாதிரிதான். அட்டென்டன்ஸ் பலகையைக் கையால் அழுத்திப் பார்த்தார். லுங்கியை இறுக்கிக் கட்டினார். பலகையைத் தள்ளிவிட்டுக் குழிக்குள் இறங்கி, பக்கவாட்டில் இருந்த கல்திட்டில் கழுத்தளவு தண்ணீரில் உட்கார்ந்துவிட்டார்.

"ஏந்திரு நைனா, வேல கீது" என்றார் மேஸ்திரி.

"எனுக்கும் இதான்பா வேல. கான்கிரீட்டு ஸ்லாப் எத்துனு வா. ஏந்துக்கறேன்."

"ஸ்லாப் ஆர்டர்ல வரலையே."

"வர்ற வரிக்கும் குந்திகினு இருக்கேன்."

நாள் முழுக்க உட்கார்ந்திருந்தார். மனைவி கொண்டுவந்த இட்லியை உள்ளேயே சாப்பிட்டார். முதியோர் பென்ஷனுக்குச் சிபாரிசுக் கடிதம் கேட்டு வந்த ஒரு பெரியம்மாவுக்கு, குழியின் விளிம்பில் தாளை வைத்துக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். மையில் தண்ணீர் பட்டுவிட்டது என்று அந்த அம்மா இன்னொன்று கேட்டு வாங்கினாராம். சாயங்காலம் கான்கிரீட் பலகை வந்தது. அவர் வெளியே வந்தார். குழி மூடப்பட்டது.

பத்தே நாளில் நோட்டீஸ் வந்தது.

ஆங்கிலத்தில் நாலு பக்கம். மடித்துப் பிடித்துக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார். "இன்னாம்மா எழுதிகீறானுங்க, படிச்சு சொல்லு. பாப்பா எப்டி கீது?"

படித்துச் சொன்னேன். உங்களை ஏன் கவுன்சிலர் பதவியிலிருந்து நீக்கக் கூடாது என்று கேட்டிருந்தார்கள். மூன்று குற்றச்சாட்டுகள். ஒன்று, அதிகாரிகளின் பதவிப் பெயரைக் குழிகளுக்குச் சூட்டி அவமதித்தது. இரண்டு, பள்ளிச் சிறுவர்களைக் கூட்டித் தெருவில் கோஷம் எழுப்ப வைத்தது. மூன்று, குழி எண் பதினேழை மூடும் பணியை அதற்குள் அமர்ந்து தடுத்தது. நாலு பக்கத்தில் என் மகள் எங்கும் இல்லை.

"பதவி நீக்கம்னா, அப்புறம் நிக்கவே முடியாதா?" என்று கேட்டார்.

"கொஞ்ச வருசம் முடியாதுண்ணே."

அவர் காதிலிருந்த பேனாவை எடுத்துப் பார்த்துவிட்டு மறுபடி வைத்துக்கொண்டார்.

கோபத்தில் எனக்குக் கண் மங்கியது. ஆனாலும் வேலைப் பழக்கம் விடவில்லை. ஒரு தாளில் எண்ணைக் கண்டால் அது இன்னொரு தாளில் என்னவாக இருக்கிறது என்று மனசு தேடும். "அண்ணே, அந்த ஆட்டு லெட்டர எடுங்க" என்றேன். பக்கத்தில் வைத்தேன். தை மாதம் மூடப்பட்டுவிட்ட குழி எண் பதினேழு. ஆடி மாதம் மூட விடாமல் இவர் தடுத்த குழி எண் பதினேழு. இரண்டுக்கும் கீழே ஒரே அலுவலக முத்திரை.

அவர் இரண்டையும் மாறி மாறிப் பார்த்தார். டாலி கிளார்க் இல்லையா, உடனே புரிந்துவிட்டது. "அடப்பாவிங்களா. போட்ட ஸ்லாப்ப எவன்டா மறுபடி போடுவான்?"

வக்கீல் அலுவலகம் தண்டையார்பேட்டையில், ஒரு லேத் பட்டறைக்கு மேல் மாடியில் இருந்தது. ஆவணங்களை விளக்க என்னையும் கூட்டிக்கொண்டு போனார். வக்கீல் சின்ன வயதுப் பெண், நல்ல கெட்டிக்காரி. கீழே லேத் ஓடினால் அங்கே பேச முடியாது, கத்த வேண்டும். பட்டறைக்காரர் எப்போது நிறுத்துவார் என்று தெரியாததால், கட்சிக்காரர்களின் ரகசியங்களில் பாதி தண்டையார்பேட்டைக்கே தெரியும்.

ஆட்டைப் பார்த்ததும் வக்கீலுக்கு உற்சாகம். பிறகு பதிவேட்டைப் புரட்டினார். முகம் மாறியது.

"சார், இவங்க என்ன சொல்வாங்க தெரியுமா? தை மாசமே மூடிட்டோம், பராமரிப்புக்காக அன்னிக்குக் காலையிலதான் திறந்தோம், திரும்ப மூட வரும்போது இவர் தடுத்தார்னு சொல்வாங்க. அப்ப முந்தின நாளும் குழி திறந்துதான் கிடந்ததுன்னு நாம காட்டணும். உங்க ரெஜிஸ்டர்ல எல்லா நாளும் டிக் இருக்கு, அந்த ஒரு நாள் மட்டும் காலியா இருக்கே? உங்க ரெஜிஸ்டரையே காட்டி, அன்னிக்குக் குழி மூடிதான் இருந்ததுன்னு சொல்லிடுவாங்க."

அது என் மகள் விழுந்த நாள். பதிவேட்டை வீசிவிட்டு ஓடிய நாள்.

"அன்னிக்கு பதினேழு வரிக்கும் போவல மேடம்."

"இப்பப் போட்டுடுங்க சார், ஒரு டிக்தானே."

"பாக்காம போட மாட்டேன் மேடம்."

லேத் ஓடத் தொடங்கியது. வக்கீல் கத்தினார். "நீங்க அந்தக் குழிக்குள்ளயே குதிச்சிருக்கீங்க சார்."

"குதிச்சேன். பாக்கல."

"குதிச்சவர் எப்படி சார் பார்க்காம இருப்பீங்க? பதவியே போகப் போகுது. ஒரு டிக்."

"டிக் போடறதுன்னா குழிய பாத்து டிக் போடணும் மேடம்" என்று அவரும் முழுத் தொண்டையில் கத்தினார். சரியாக அந்த இடத்தில் லேத் நின்றது. மிச்சத்தை அவர் மெதுவாகச் சொன்னார். "நான் அன்னிக்கி குழிய எங்க பாத்தேன். கொழந்தயத்தான் பாத்தேன்."

வக்கீல் பதிவேட்டை மூடினார்.

என் பக்கம் திரும்பினார். அம்மா ஒரு அஃபிடவிட் கொடுத்தால் போதும், ஆஸ்பத்திரிச் சீட்டோடு சேர்த்துத் தாக்கல் செய்யலாம் என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் அட்டென்டன்ஸ் குறுக்கே கையை நீட்டிவிட்டார். "அவங்கள இழுக்காத மேடம். அவங்க வூட்டுக்காரரு வேல அந்த யார்டுல கீது. பதவி போனா போட்டும். கவுன்சிலரு இல்லன்னா என்ன, நான் பாட்டுக்கு நடந்துகினு இருப்பேன்."

வீட்டுக்கு வரும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து வெளியே பார்த்தபடி வந்தார். ஒரு இடத்தில் பஸ் குலுங்கியது. "நம்ம வார்டு இல்ல" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். பிறகு மனசு கேளாமல் டிக்கெட்டின் பின்புறம் எதையோ குறித்தார்.

அன்று இரவு என் கணவரிடம் சொன்னேன். நான் பயந்த சுபாவம் என்பது இந்த வீட்டில் எல்லோருக்கும் தெரியும். மகளுக்குத் தும்மல் வந்தால் எனக்குத் தூக்கம் போகும். வேலை போனால் பள்ளிக் கட்டணம், வாடகை என்று எல்லாவற்றையும் நானே சொல்லி முடித்தேன். கடைசியில் அவர் கேட்டார். "அந்த ஆளு குதிக்கும்போது இதெல்லாம் யோசிச்சாரா?"

மறுநாள் அரை நாள் லீவு போட்டு, நானே மாடியேறி அஃபிடவிட்டில் கையெழுத்துப் போட்டேன்.

பாரிமுனைக்கு, உயர் நீதிமன்றத்துக்கு, மூன்று பேருமாகப் போனோம். அட்டென்டன்ஸ் அன்று வேட்டி கட்டியிருந்தார், காதில் பேனா இல்லை. வழக்கு எண்ணைக் கூப்பிட்டார்கள். வக்கீல் எழுந்திருக்கும் முன் பின் வரிசையிலிருந்து கணீரென்று ஒரு குரல்.

"உள்ளேன் ஐயா."

நீதிபதி தலை தூக்கிப் பார்த்தார். வக்கீல் நெற்றியைப் பிடித்துக்கொண்டார். நீதிபதி மட்டும் லேசாகச் சிரித்து, "உட்காருங்க" என்றார்.

அரசுத் தரப்பு வக்கீல் எங்கள் வக்கீல் சொன்னதையே வார்த்தை மாறாமல் சொன்னார். தை மாதம் மூடியது, பராமரிப்புக்காக அன்று காலை திறந்தது, இவர் தடுத்தது. நீதிபதி காகிதங்களைப் புரட்டினார். ஆட்டிடம் கொஞ்சம் நின்றார். பிறகு என் அஃபிடவிட்டுக்கு வந்தார். அதை மட்டும் இரண்டு முறை படித்தார் என்று நினைக்கிறேன். அல்லது எனக்கு நேரம் அப்படி நீண்டதோ என்னவோ.

"முந்தின நாளே ஒரு குழந்தை விழுந்திருக்கு. மூடி வச்சிருந்த குழிக்குள்ள குழந்தை எப்படிப் போச்சு?"

அரசு வக்கீல் பின்னால் திரும்பி அதிகாரியைப் பார்த்தார். அதிகாரி ஃபைலைப் பார்த்தார். ஃபைலுக்குப் பின்னால் பார்க்க யாரும் இல்லை. விவரம் கேட்டுச் சொல்ல அவகாசம் வேண்டும் என்றார்கள்.

அவகாசம் கிடைக்கவில்லை, நோட்டீஸ் ரத்தானது. தன்னையே மறுக்கிற குற்றச்சாட்டுக்கு ஒருவர் எப்படிப் பதில் சொல்ல முடியும் என்று உத்தரவில் இருந்தது. எனக்கு அழுகை வந்தது. கடைசி வரியை வக்கீல் வெளியே வந்த பிறகுதான் விளக்கினார். சட்டப்படி புதிதாக நோட்டீஸ் கொடுக்க அவர்களுக்கு உரிமை உண்டு.

அந்த உரிமையைத்தான் என்ன சுறுசுறுப்பாகப் பயன்படுத்தினார்கள். ஒரு பலகை போட அத்தனை மாதம் எடுத்துக்கொண்டவர்களிடமிருந்து மூன்றாவது வாரமே புது நோட்டீஸ் வந்துவிட்டது. இந்த முறை நன்றாகப் பார்த்து எழுதியிருந்தார்கள். அவமதிப்பு இருக்கிறது, கோஷம் இருக்கிறது, ஒழுங்கீனம் இருக்கிறது. பதினேழாம் குழி மட்டும் எங்கும் இல்லை. ஏ.ஈ. வேறு மண்டலத்துக்குப் பதவி உயர்வில் போய்விட்டார். ஒப்பந்தக்காரர் அடுத்த தெருவில் தோண்டிக்கொண்டிருக்கிறார். என் கணவரைக் கிரேனிலிருந்து இறக்கி, யார்டு கேட்டில் நிற்க வைத்துவிட்டார்கள். ஒரு குழந்தை சாகப் பார்த்தது, ஒருவருக்கும் ஒரு மெமோகூடக் கிடையாது. அவளைத் தூக்கியவருக்கு மட்டும் இரண்டு நோட்டீஸ். இதை எழுதும்போது மேஜையை ஓங்கித் தட்டியதில் மகள் எட்டிப் பார்த்து, "என்னம்மா" என்றாள்.

அட்டென்டன்ஸ் மறுபடி வழக்குப் போட்டிருக்கிறார். வாய்தா நாளில் ஒன்பது மணிக்குள் பாரிமுனையில் இருக்கச் சொல்லியும் தாமதமாகவே வருகிறார் என்று வக்கீல் என்னிடம் குறைப்பட்டுக்கொண்டார். இப்படி இருந்தால் பதவியை எப்படிக் காப்பாற்றுவது என்று கேட்டார். காரணம் எனக்குத் தெரியும். நான் சொல்லவில்லை.

என் மகள் அந்தப் பலகைமேல் கால் வைக்க மாட்டாள். அதைக் கடக்கும் இடம் வந்தால் நின்றுவிடுவாள், கை சில்லிட்டுவிடும். தினமும் எட்டு இருபதுக்கு அவர் அங்கே வந்துவிடுகிறார். வேட்டி கட்டிய கோர்ட்டு நாளிலும் வருகிறார். பலகையின் நடுவில் தன் முழு எடையையும் போட்டு நின்றுகொண்டு, ஒரு முறை லேசாகக் குதித்தும் பார்த்துக்கொள்கிறார். பிறகு லாரி பார்ப்பது போல வேறு பக்கம் திரும்பிக்கொள்கிறார். அவர் முதுகைப் பிடித்துக்கொண்டு என் மகள் ஓரமாகக் கடந்து போகிறாள். அவள் பள்ளி கேட்டுக்குள் போய் மறையும் வரை அவர் அந்தப் பலகையை விட்டு இறங்குவதில்லை.